லேபுக்கு மெய்நிகர் ரவுட்டர் போட்டேன், நோட் ஒன்றும் எழும்பவில்லை. எங்கே பிழை?

மரைன்_டிரைவ் · ஞாயிறு, இரவு 10.20

எல்லாருக்கும் வணக்கம். வெள்ளவத்தையில் இருக்கிறேன். சிஸ்கோவின் நெட்வேர்க் சான்றிதழான சிசிஎன்ஏ போன வருடம் முடித்தேன், அதுவரைக்கும் அவர்களின் பயிற்சி மென்பொருளான பாக்கெட் ட்ரேசர் போதுமாக இருந்தது. இப்போது அதற்கு அடுத்த படியான சிசிஎன்பி படிக்கத் தொடங்கியதும் புத்தகத்தில் இருக்கிற கட்டளைகளில் பாதி அதில் இல்லை, கேள்விக்குறி அடித்தால் நாலு வரிதான் வருகிறது. அதனால் கணினிக்குள்ளேயே ரவுட்டர்களை ஓடவிட்டு லேப் கட்டும் ஈவ்-என்ஜி போடலாம் என்று இறங்கினேன்.

லப்டொப் ஐ5, 16 ஜீபி ராம், விண்டோஸ் 11 ஹோம். கணினிக்குள் இன்னொரு கணினியை (விஎம்) ஓடவிடும் விஎம்வேர் வேர்க்ஸ்டேஷன் ப்ரோ இப்போது இலவசம் என்பதால் அதைப் போட்டேன். ஈவ் ஐஎஸ்ஓவை இரவு பன்னிரண்டுக்குப் பிறகுதான் இறக்கினேன், பகல் டேட்டா தீர்ந்தால் அம்மாவின் நாடகம் நின்றுவிடும், பிறகு எனக்குச் சாப்பாடும் நின்றுவிடும்.

விஎம்மைத் தொடக்கும்போது ஒரு பெட்டி வருகிறது, விடி-எக்ஸை (விஎம் ஓடவிட சிபியூவில் இருக்கிற வசதி) உள்ளே கொடுக்க முடியாது, இல்லாமலே தொடரவா என்று. யெஸ் கொடுத்தேன். ஈவ் எழும்பியது, பிரௌசரில் உள்ளே போகவும் முடிகிறது. ஆனால் இரண்டு ரவுட்டரை நோட்டாக வைத்து ஸ்டார்ட் கொடுத்தால் இரண்டு செக்கனில் மறுபடி சாம்பல் நிறத்துக்குப் போய்விடுகிறது. மூன்று இரவாக இதுதான் கதை.

ரவுட்டர் இமேஜ் (ரவுட்டரின் மென்பொருள் ஃபைல்) எல்லாம் நான் போகிற வகுப்பில் ஒரு பென்டிரைவில் தந்தார்கள், கிட்டத்தட்ட 40 ஜீபி. அதற்குள் திருட்டு லைசன்ஸ் எண் உருவாக்கும் ஒரு கீஜென்னும் இருக்கிறது, அதைத் தொட்டதும் டிஃபெண்டர் கத்துகிறது. அதனால்தான் எழும்பவில்லையோ?

பழைய_சீரியல்_கேபிள் · ஞாயிறு, இரவு 10.51

தம்பி, முதலில் அந்தப் பென்டிரைவைக் கழற்றி மேசையில் வையுங்கள். நோட் எழும்பாததற்கும் அதற்கும் தொடர்பில்லை, அது வேறு பிரச்சினை. ஆனால் கீஜென்னை இரண்டு தரம் சொடுக்கியிருந்தால் முழு ஸ்கேன் ஒன்று ஓடவிட்டுத்தான் மற்ற வேலை.

உங்கள் பிரச்சினைக்குப் பதிலை நீங்களே எழுதிவிட்டீர்கள். அந்தப் பெட்டிக்கு யெஸ் கொடுத்தீர்களே, அதுதான். ஈவ் ஒரு விஎம். அதற்குள் ஓடுகிற ரவுட்டரும் கியூஎம்யூ என்ற ஒன்றில் ஓடும் இன்னொரு விஎம். வீட்டுக்குள் வீடு. வெளிவீட்டுக்குள் விடி-எக்ஸ் போய்ச் சேராவிட்டால் உள்வீட்டில் விளக்கு எரியாது. ஈவ்வின் கறுப்புத் திரையில், லாகின் கேட்கிற இடத்துக்குப் பக்கத்தில், இன்டெல் விடி-எக்ஸோ ஏஎம்டி-வியோ காணவில்லை என்று ஒரு வரி இருக்கும். பாருங்கள். எல்லாரும் நேரே பிரௌசருக்குப் போய்விடுவதால் அந்த வரி யார் கண்ணிலும் படுவதில்லை.

மரைன்_டிரைவ் · ஞாயிறு, இரவு 11.04

ஓம் அண்ணா, இருக்கிறது! மூன்று நாளாக அங்கேயே இருந்திருக்கிறது. ஆனால் பயோஸில் விடி-எக்ஸ் எனேபிள் என்றுதான் காட்டுகிறது. விஎம்வேர் செட்டிங்கிலும் டிக் போட்டிருக்கிறேன்.

நைட்_ஷிஃப்ட் · ஞாயிறு, இரவு 11.37

அப்படியென்றால் விண்டோஸ்தான் பிடித்து வைத்திருக்கிறது. விண்டோஸ் 11-இல் விஎம் ஓடவிடும் ஹைப்பர்-வி என்ற அடித்தளம் பல லப்டொப்பில் நீங்கள் கேட்காமலே ஓடிக்கொண்டிருக்கும். விண்டோஸ் செக்யூரிட்டியில் கோர் ஐசொலேஷனின் கீழ் மெமரி இன்டெக்ரிட்டி என்ற பாதுகாப்பு ஓனாக இருந்தாலே போதும், விண்டோஸுக்குள் லினக்ஸ் ஓடவிடும் டப்ளியூஎஸ்எல் 2 போட்டிருந்தாலும் அதே கதை. அது எழும்பிவிட்டால் விஎம்வேர் அதற்கு மேல் ஏறி நிற்கும், சாதாரண விஎம் ஓடும், ஆனால் விடி-எக்ஸை உள்ளே கடத்த விடாது.

செய்ய வேண்டியது: மெமரி இன்டெக்ரிட்டியை ஓஃப் செய்யுங்கள். விண்டோஸ் ஃபீச்சர்ஸ் பட்டியலில் விர்ச்சுவல் மெஷின் பிளாட்ஃபோர்ம், விண்டோஸ் ஹைப்பர்வைசர் பிளாட்ஃபோர்ம் இரண்டின் டிக்கையும் எடுங்கள். பிறகு அட்மின் கமாண்ட் பிராம்ப்டில் பிசிடிஎடிட் /செட் ஹைப்பர்வைசர்லாஞ்ச்டைப் ஓஃப் என்று அடித்து, ஷட்டவுன் இல்லை, ரீஸ்டார்ட். (தமிழில் எழுதுகிறேன், அடிக்கும்போது ஆங்கிலத்தில் அடியுங்கள். போன தடவை ஒருவர் அப்படியே அடித்துவிட்டு வேலை செய்யவில்லை என்று சண்டைக்கு வந்தார்.) பிறகு எம்எஸ்இன்ஃபோ32 திறந்து, வர்ச்சுவலைசேஷன் பேஸ்ட் செக்யூரிட்டி என்ற வரிக்கு நேரே நொட் எனேபிள்ட் என்று வருகிறதா பாருங்கள். ரன்னிங் என்று வந்தால் இன்னும் எங்கேயோ பிடித்திருக்கிறது.

கன்சோல்_அக்கா · திங்கள், காலை 6.15

அதைச் செய்ய முன் பிட்லொக்கர் (டிஸ்க்கைப் பூட்டி வைக்கும் விண்டோஸ் வசதி) ரிகவரி கீ எங்கே இருக்கிறது என்று பார்த்து ஒரு கொப்பியில் எழுதி வையுங்கள். ஹோம் எடிஷனிலும் டிவைஸ் என்கிரிப்ஷன் என்ற பெயரில் அது இருக்கலாம். பூட் செட்டிங்கிலும் பயோஸிலும் கை வைத்தால் அடுத்த தடவை 48 இலக்கம் கேட்டு நீலத் திரை நிற்கும். என் தம்பி ஒருத்தன் பரீட்சைக்கு முதல் நாள் இரவு இப்படி மாட்டிக்கொண்டு, கீ இருந்த மெயில் பழைய ஃபோன் நம்பரில் கட்டியிருந்ததால் விடிய விடிய முழித்திருந்தான்.

இன்னொரு கேள்வி. அது உங்கள் சொந்த லப்டொப்பா, ஒஃபிஸ் லப்டொப்பா?

மரைன்_டிரைவ் · திங்கள், காலை 7.02

அண்ணாவின் ஒஃபிஸ் லப்டொப் 😬 வீட்டில் இருந்து வேலை செய்ய அவருக்குக் கொடுத்தது, அவர் இப்போது தன்னுடையதைத்தான் பாவிக்கிறார். அட்மின் பாஸ்வேர்ட் தெரியும்.

கன்சோல்_அக்கா · திங்கள், காலை 7.10

அப்போ மெமரி இன்டெக்ரிட்டியைத் தொடவே தொடாதீர்கள். அதை ஓஃப் செய்தால் அவர்களின் ஐடி பிரிவின் திரையில் ஒரு சிவப்புப் புள்ளி வரும், அடுத்த நாள் அண்ணாவுக்குத்தான் கோல் வரும். பென்டிரைவை அதில் செருகியதே போதும்.

நைட்_ஷிஃப்ட் · திங்கள், காலை 7.31

ஐயோ. நான் சொன்னதை எல்லாம் திரும்ப எடுத்துக்கொள்கிறேன். சொந்த லப்டொப் என்று நினைத்துவிட்டேன்.

யூனிட்டி_2வது_மாடி · திங்கள், காலை 9.48

பேசாமல் பம்பலப்பிட்டிக்கு ஒரு நடை வாருங்கள், யூனிட்டி பிளாசாவில் ஒஃபிஸில் இருந்து கழித்த டெஸ்க்டொப்கள் கிடக்கும். ராம் 32 வரைக்கும் ஏற்றக்கூடிய போர்டா என்று மட்டும் கேட்டு வாங்குங்கள். அதில் விண்டோஸே வேண்டாம், ஈவ்வை நேரடியாக இரும்பில் போடலாம், வீட்டுக்குள் வீடு என்ற பிரச்சினையே இல்லை. நான் அப்படித்தான் வைத்திருக்கிறேன், கட்டிலுக்குக் கீழே. சத்தம்தான் கொஞ்சம், மனைவி அதற்கு ஒரு பெயர் வைத்திருக்கிறார், இங்கே எழுத முடியாது.

மரைன்_டிரைவ் · திங்கள், காலை 10.05

அண்ணா, இப்போதைக்குக் காசு இல்லை. வகுப்புக் கட்டணமே மாதக் கடைசியில்தான்.

பழைய_சீரியல்_கேபிள் · திங்கள், பகல் 1.20

காசு இல்லாமலே ஆகும். பொறுங்கள், முதலில் இமேஜ் விஷயத்தை முடித்துவிடுகிறேன், அதுதான் எனக்கு எரிச்சல்.

நாங்கள் படித்த காலத்தில் டைனமிப்ஸ்தான். பிரான்சில் கிறிஸ்டோஃப் ஃபியோ என்பவர் 2005-இல் எழுதத் தொடங்கியது. சிஸ்கோ 7200 ரவுட்டரின் பிராசசரையே கணினியில் நடிக்க வைத்து, சிஸ்கோவின் உண்மையான ரவுட்டர் மென்பொருளான ஐஓஎஸ்ஸை அதன் மேல் ஓடவிட்டார். பிறகு ஜீஎன்எஸ்3 வந்து அதற்கு முகம் கொடுத்தது. ஐடில்-பிசி என்று ஒரு எண் கண்டுபிடித்துக் கொடுக்காவிட்டால் ஒரே ஒரு ரவுட்டர், ஒன்றும் செய்யாமல் சும்மா இருந்தே, சிபியூவை 100 வீதத்துக்குக் கொண்டுபோகும். கொழும்பு வெக்கையில் அந்த லப்டொப்பின் மேல் தோசை சுடலாம். அந்தக் காலத்தில் இமேஜ் கை மாறிக் கை மாறித்தான் வந்தது, ஏனென்றால் நேர்வழியில் ஒரு மாணவனுக்கு எதுவுமே கிடைக்கவில்லை. அந்தப் பழக்கம்தான் இன்னும் பென்டிரைவாகச் சுற்றுகிறது.

இப்போது அப்படி இல்லை. செய்கிறவனின் வாசலிலேயே கிடைக்கிறது. மைக்ரோடிக் கொம்பனியின் மெய்நிகர் ரவுட்டரான சிஎச்ஆர்: அவர்களின் தளத்தில் பதிவுகூட இல்லாமல் இறக்கலாம், சின்ன ஃபைல், இலவச லைசன்சில் ஒரு இன்டர்ஃபேசுக்கு 1 எம்பிபிஎஸ்தான் வெளியே விடும், ஓஎஸ்பிஎஃப் (ரவுட்டர்கள் பாதைகளைத் தங்களுக்குள் சொல்லிக்கொள்ளும் முறை) ஹலோ பாக்கெட்டுக்கு அது தாராளம். வயோஸ்: டெபியன் லினக்ஸ் மேல் கட்டியது, விற்பனைக்குப் போன வியாட்டாவில் இருந்து 2013-இல் பிரிந்தது, தினசரி பில்ட் இலவசம், நிலையான பதிப்புக்குத்தான் காசு. எஃப்ஆர்ஆர்: லினக்ஸை ரவுட்டராக்கும் மென்பொருள், குவாகா என்ற பழையதில் இருந்து 2017-இல் பிரிந்தது, முழுக்க இலவசம். நோக்கியாவின் எஸ்ஆர் லினக்ஸ் பதிவில்லாமல் கன்டெய்னராகவே (முழு விஎம் இல்லாமல் ஓடும் பொதி) கிடைக்கிறது. ஜூனிப்பரின் விஜூனோஸும் இலவசமாக இறக்கலாம், ஆனால் ஒன்று 5 ஜீபி ராம் தின்னும், உங்கள் மெஷினில் இரண்டைப் போட்டாலே முடிந்தது. அரிஸ்டாவுக்கு ஒரு இலவசக் கணக்குத் திறக்க வேண்டும்.

சிஸ்கோ மட்டும்தான் கஞ்சத்தனம். அவர்களும் இப்போது சிஎம்எல் என்ற தங்கள் லேப் மென்பொருளில் 2.8 பதிப்பில் இருந்து ஒரு இலவச வகை விட்டிருக்கிறார்கள், 5 நோட் வரைக்கும். காசு கொடுத்து வாங்கினால் 20 நோட், வருடத்துக்கு 199 டொலர், எங்கள் காசில் அறுபதாயிரம் அளவு. வேண்டாம், 5 போதும்.

எங்கிருந்து இறக்கினாலும் தளத்தில் எஸ்எச்ஏ256 என்று ஒரு நீளமான எண் போட்டிருந்தால், விண்டோஸில் செர்ட்யூட்டில் கட்டளையின் ஹேஷ்ஃபைல் வைத்து ஒத்துப் பாருங்கள். எங்கள் இணைப்பில் பாதியில் அறுந்து ஒட்டிய ஃபைல் வருவது சர்வசாதாரணம், அது எழும்பாமல் நின்றால் பயோஸில் பிழை தேடிக்கொண்டிருப்பீர்கள்.

புறக்கோட்டை_சுவிட்ச் · திங்கள், பகல் 2.02

அண்ணா சொல்வதெல்லாம் சரி, ஆனால் நேர்முகத்தில் எஃப்ஆர்ஆர் தெரியுமா என்று யார் கேட்கிறார்கள்? எனக்கு மூன்று நேர்முகத்திலும் சிஸ்கோ கட்டளைதான் கேட்டார்கள். படிக்கிற பிள்ளையை மைக்ரோடிக் பக்கம் அனுப்பினால் அங்கே போய் முழிப்பான்.

கன்சோல்_அக்கா · திங்கள், பகல் 2.30

எஃப்ஆர்ஆரின் கட்டளைத் திரையான விடிவைஎஸ்எச்சைத் திறந்து பார்த்திருக்கிறீர்களா? கொன்ஃபிக் டி, ரவுட்டர் ஓஎஸ்பிஎஃப், ஷோ ஐபி ரூட், எல்லாம் சிஸ்கோவின் கையெழுத்துத்தான். ஓஎஸ்பிஎஃப் ஏரியா எப்படிப் பேசுகிறது, நெட்வேர்க்குகளுக்கு இடையே பாதை சொல்லும் பிஜிபியில் ஏஎஸ் பாத் எப்படி நீள்கிறது என்பதெல்லாம் ஒரு கொம்பனியின் சொத்து இல்லை. வேறுபடுகிற இடம் மைக்ரோடிக், அது ஒத்துக்கொள்கிறேன். அங்கே பதிப்பு 6-இல் பழகியவர்கள்கூட 7-இல் ஓஎஸ்பிஎஃப் எழுதும் முறை மாறியதும் தடுமாறினார்கள்.

நீங்கள் சொல்வதில் ஒரு நியாயம் இருக்கிறது. சிசிஎன்பியில் சிஸ்கோவின் ஈஐஜிஆர்பியும் டிஎம்விபிஎன்னும் வரும், அதற்கு உண்மையான ஐஓஎஸ் வேண்டும். அதற்குத்தான் சிஎம்எல்லின் 5 நோட். எல்லாவற்றுக்கும் ஒரே பெட்டி தேடினால்தான் 40 ஜீபி பென்டிரைவில் போய் விழுகிறோம்.

புறக்கோட்டை_சுவிட்ச் · திங்கள், பகல் 2.41

சரி, விடிவைஎஸ்எச் பார்க்கவில்லை, உண்மை.

நைட்_ஷிஃப்ட் · திங்கள், பின்னேரம் 5.15

நேற்று அவசரப்பட்டதற்குப் பரிகாரமாக ஒரு வழி சொல்கிறேன். ஹைப்பர்-வியை எதிர்த்துச் சண்டை பிடிக்காமல் அதன் மேலேயே ஏறிப் போகலாம். டப்ளியூஎஸ்எல் 2-இல் உபுண்டு, அதற்குள் கன்டெய்னர்களை ஓடவிடும் டொக்கர், அதன் மேல் அவற்றை இணைத்து லேப் ஆக்கும் கன்டெய்னர்லாப். எஃப்ஆர்ஆரும் எஸ்ஆர் லினக்ஸும் கன்டெய்னர், விஎம் இல்லை, ஆகவே விடி-எக்ஸை உள்ளே கடத்த வேண்டிய தேவையே இல்லை. மெமரி இன்டெக்ரிட்டி ஓனாகவே இருக்கட்டும். எஃப்ஆர்ஆர் ஒன்று ராமில் சில பத்து எம்பிதான், பத்து ரவுட்டர் போட்டாலும் லப்டொப்புக்குத் தெரியாது.

ஒஃபிஸ் லப்டொப்பில் இதையும் அண்ணாவிடம் கேட்டுவிட்டுச் செய்யுங்கள். கேட்காமல் செய்து பிறகு என் பெயரைச் சொல்லாதீர்கள்.

யாமல் என்ற எழுத்து வடிவில் ஒரு ஃபைல் எழுத வேண்டும். லேபுக்கு ஒரு பெயர், நோட்ஸ் என்பதன் கீழ் ஆர்1, ஆர்2, ஆர்3, மூன்றுக்கும் கைன்ட் லினக்ஸ், இமேஜ் எஃப்ஆர்ஆர். பிறகு லிங்க்ஸ், ஆர்1-இன் ஈத்1 ஆர்2-இன் ஈத்1-க்கு, இப்படி. ஈத்0-வைத் தொடாதீர்கள், அது மேனேஜ்மென்ட்டுக்கு அதுவே எடுத்துக்கொள்ளும். இடைவெளி விடுவதில் டாப் கீ அடித்தால் யாமல் கோபப்படும், ஸ்பேஸ்தான். முடிந்ததும் கன்டெய்னர்லாப் டிப்ளோய், அவ்வளவுதான்.

மரைன்_டிரைவ் · புதன், இரவு 9.33

அண்ணாவிடம் கேட்டேன். முதலில் பென்டிரைவுக்காக ஒரு கால் மணித்தியாலம் ஏச்சு, அதன் பிறகு அவரே தன்னுடைய லப்டொப்பில் டப்ளியூஎஸ்எல் போட்டுத் தந்தார், ஒஃபிஸ் லப்டொப்பை ஸ்கேன் பண்ணித் திருப்பிக் கொடுக்கப்போகிறாராம். இது 8 ஜீபிதான். இருந்தாலும் மூன்று எஃப்ஆர்ஆர் எழும்பிவிட்டது! ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. மூன்று இரவு ஈவ்வோடு கிடந்ததை நினைத்தால்...

ஆனால் விடிவைஎஸ்எச்சில் ரவுட்டர் ஓஎஸ்பிஎஃப் அடித்தால் ஓஎஸ்பிஎஃப்டி ஓடவில்லை என்கிறது. இமேஜ் பழுதா?

கன்சோல்_அக்கா · புதன், இரவு 9.40

இல்லை, வடிவாக வேலை செய்கிறது. எஃப்ஆர்ஆர் ஒரு ரவுட்டர் இல்லை, பல சின்ன வேலைக்காரர்கள். ஸீப்ரா ரூட்டுகளைச் சேர்த்து லினக்ஸுக்குக் கொடுக்கும், ஓஎஸ்பிஎஃப்டி ஓஎஸ்பிஎஃப்புக்கு, பிஜிபிடி பிஜிபிக்கு. யாரைக் கூப்பிட வேண்டும் என்று ஈடிசி, எஃப்ஆர்ஆர் ஃபோல்டரில் டேமன்ஸ் என்ற ஃபைலில் இருக்கும். அதில் ஓஎஸ்பிஎஃப்டிக்கு நேரே நோ என்று இருப்பதை யெஸ் ஆக்குங்கள். பிஜிபிடியையும் சேர்த்து மாற்றிவிடுங்கள், அடுத்த கிழமை அதற்கும் இதே கேள்வியோடு வருவீர்கள். பிறகு அந்த மூன்று கன்டெய்னரையும் டொக்கர் ரீஸ்டார்ட் செய்யாதீர்கள், கன்டெய்னர்லாப் போட்ட லிங்க் கழன்றுவிடும். லேபையே டிஸ்ட்ரோய் செய்துவிட்டு, மாற்றிய டேமன்ஸ் ஃபைலை வெளியே ஒரு ஃபோல்டரில் வைத்து, யாமலில் பைன்ட்ஸ் என்று எழுதி உள்ளே கொடுத்து, மறுபடி டிப்ளோய்.

மரைன்_டிரைவ் · புதன், இரவு 11.18

அக்கா வந்துவிட்டது!! ஷோ ஐபி ஓஎஸ்பிஎஃப் நெய்பர் அடித்தால் ஒரு பக்கம் ஃபுல்/டிஆர், மற்றப் பக்கம் ஃபுல்/பேக்கப். ஆர்1-இல் இருந்து ஆர்3-இன் லூப்பேக்குக்கு பிங் போகிறது. ஆர்2-இல் ஒரு இன்டர்ஃபேசை ஷட் பண்ணிப் பார்த்தேன், ரூட் போய்விட்டது, திரும்ப விட்டதும் வந்துவிட்டது. பாக்கெட் ட்ரேசரிலும் இதைச் செய்திருக்கிறேன், ஆனால் இது என்னவோ உண்மையாக நடப்பது மாதிரி இருக்கிறது.

பழைய_சீரியல்_கேபிள் · புதன், இரவு 11.25

உண்மையாகத்தான் நடக்கிறது. பாக்கெட் ட்ரேசர் ரவுட்டர் மாதிரிப் பேசுகிற பொம்மை. இது ரவுட்டரேதான், பெட்டி மட்டும் இல்லை. டப்ளியூஎஸ்எல்லில் பாக்கெட்டைப் பிடித்துக் காட்டும் டிசிபிடம்ப் போட்டு அந்த லிங்கைப் பாருங்கள், பத்து செக்கனுக்கு ஒரு ஹலோ 224.0.0.5-க்குப் போவது தெரியும்.

மரைன்_டிரைவ் · வியாழன், காலை 6.50

ஒரு சோகம். நித்திரைக்குப் போக முன் கன்டெய்னர்லாப் டிஸ்ட்ரோய் கொடுத்துவிட்டுப் படுத்தேன். விடிய எழும்பி டிப்ளோய் செய்தால் ரவுட்டர்கள் வெறுமையாக இருக்கின்றன. ரைட் மெமரி அடித்தேனே!

நைட்_ஷிஃப்ட் · வியாழன், காலை 7.05

ரைட் மெமரி எழுதியது கன்டெய்னருக்குள். கன்டெய்னரையே அழித்தால் மெமரி எங்கே இருக்கும். எஸ்ஆர் லினக்ஸ் என்றால் அதன் கொன்ஃபிக் லேப் ஃபோல்டரில் வெளியே தங்கும். எஃப்ஆர்ஆருக்கு டேமன்ஸை பைன்ட் பண்ணிய மாதிரியே எஃப்ஆர்ஆர் டொட் கொன்ஃப் என்ற ஃபைலையும் ஒவ்வொரு ரவுட்டருக்கும் தனித்தனியாக பைன்ட் பண்ண வேண்டும். நேற்று ராத்திரியே சொல்லியிருக்க வேண்டும், நான் ஷிஃப்டில் இருந்தேன்.

புறக்கோட்டை_சுவிட்ச் · வியாழன், காலை 7.40

நானும் நேற்று இரவு போட்டுப் பார்த்தேன், மூன்று ரவுட்டர், அதே டேமன்ஸ் பிழை, இங்கே வந்து வாசித்துத் திருத்தினேன். டிஸ்ட்ரோய் கொடுக்கவில்லை, கடவுள் காப்பாற்றினார்.

தம்பி, மறுபடி அடியுங்கள். இரண்டாவது தடவை பதினைந்து நிமிடத்துக்கு மேல் எடுக்காது.

மரைன்_டிரைவ் · வியாழன், காலை 8.21

பைன்ட் போட்டு மறுபடி அடித்தேன், 22 நிமிடம். ஆர்3-இல் ஐபி முகவரியின் பின்னால் /30-க்குப் பதிலாக /31 போட்டுவிட்டு நெய்பர் வரவில்லை என்று எட்டு நிமிடம் தேடினேன். இப்போது வகுப்புக்கு ஓடுகிறேன், பென்டிரைவைத் திருப்பிக் கொடுக்கவும் வேண்டும். பின்னேரம் வந்து சிஎம்எல் பற்றிக் கேட்கிறேன், அண்ணாவின் 8 ஜீபியில் அது ஓடுமா?

யூனிட்டி_2வது_மாடி · வியாழன், காலை 8.30

ஓடாது. மாதக் கடைசியில் பம்பலப்பிட்டிக்கு வாருங்கள்.